பரலோகத்துக்கு ஏறிய குழந்தைராஜ்

பூதலூர்ப் பக்கத்தில் ஒரு சின்னக் கத்தோலிக்கப் பங்கு. அங்கே ஈஸ்டருக்குப் போடும் பாஸ்கா நாடகம் என்றால் திரைக்குப் பின்னால் கயிறு இழுப்பது குழந்தைராஜ்தான். இருபத்திரண்டு வருஷமாக இழுக்கிறார். மற்ற நாளெல்லாம் வயல், மாடு, வரப்பு.

தொண்ணூற்றேழு தை அறுவடையில் அவர் மனைவி சவரியம்மாள் செத்துப்போனாள். குழந்தைராஜுக்கு ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை. மகன் ஆல்பின் சவுதியிலிருந்து போனில் கதறினான். இவரோ, "சாப்பிட்டியாப்பா?" என்று கேட்டார். ஊர் சும்மா இருக்குமா? கல்நெஞ்சுக்காரன் என்றது. அதைவிடக் கொடுமை, அவருக்கே அந்தச் சந்தேகம் வந்துவிட்டது. முப்பது வருஷம் கூட வாழ்ந்தவளுக்கு அழ முடியாதவன் என்ன மனுஷன்? கல்லறைத் தோட்டத்துக்குப் போய் நின்று பார்த்தார். வெயில்தான் சுட்டது.

அந்த ஈஸ்டர் சாயங்காலமும் கயிறு இழுக்கப் போனார். கடைசிக் காட்சியில் ஆண்டவர் பரலோகத்துக்கு ஏற வேண்டும். வசனம் கிடையாது, ஆர்மோனியம் மட்டும். ஆண்டவர் இடுப்பில் கட்டிய கயிறு மேலே கப்பியில் ஓடி, திரைக்குப் பின்னால் இறங்கும். முன்பெல்லாம் இவரோடு நாலு பேர் இழுப்பார்கள். நாலு பேரும் துபாய், திருப்பூர் என்று போய்விட்டார்கள். துணைக்கு வந்தவர் பக்கத்து வயல்காரர் இளையபெருமாள் ஒருவர்தான். ஆண்டவர் வேஷமோ, சிங்கப்பூரில் மூன்று வருஷம் தின்று கொழுத்துத் திரும்பிய துரைராசுவுக்கு!

"அண்ணே, கை வழுக்கும். கயித்த இடுப்புல கட்டிக்குங்க. நான் பின்னால புடிச்சுக்கிறேன்."

"விட்டுராதப்பா."

"நல்லா சொன்னீங்க, நானா விடுவேன்?"

இழுத்தார்கள். துரைராசு ஆள் உயரம் ஏறிவிட்டார். மேகத்துக்காகப் போட்ட சாம்பிராணிப் புகை பின்பக்கம் திரும்பியது. இளையபெருமாள் போட்டாரே ஒரு தும்மல்! கயிறு கையை விட்டுப் போயிற்று. ஆண்டவர் சீடர்கள் மேல் தொபுக்கடீரென்று விழுந்தார். குழந்தைராஜ் கைலியும் பனியனுமாகத் திரைக்கு மேலே எழுந்தருளினார்.

துரைராசு எழுந்தால் இவர் இறங்கினார். துரைராசு அங்கி தடுக்கி உட்கார்ந்தால் இவர் ஏறினார். கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. ஃபாதர்கூடக் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டார். குழந்தைராஜுக்கு வெட்கமும் இல்லை, பயமும் இல்லை. மரத்துப்போன மாதிரி தொங்கிக்கொண்டிருந்தார்.

'சவரியம்மா கேட்டா உருண்டு உருண்டு சிரிப்பா. வீட்டுக்குப் போனதும் மொத வேலையா சொல்லணும்' என்று நினைத்தார்.

நினைத்த பிறகுதான் உறைத்தது. தொங்கியபடியே, வாயைத் திறந்து ஓவென்று அழுதார்.

கீழே அதற்கும் சிரித்தார்கள்.