இரண்டு மைனஸும் ஒரு வாளித் தண்ணீரும்

சொந்தக்காரர்கள் அவளைப் புள்ளி என்றுதான் கூப்பிட்டார்கள். கணவர் முதுகு ஒடிந்து படுத்த பிறகு அவருடைய பையைத் தோளில் மாட்டிக்கொண்டு குழாய் வேலைக்குப் போனவள். ஊரில் பாதி வீட்டுச் சாக்கடை அவள் சொன்ன பக்கம்தான் ஓடும். சொந்தத் தங்கை வீட்டில் மட்டும் கணக்கு அவள் காலை வாரிவிட்டது. சரிவுக் கணக்குக்கு 0.02 என்று போட வேண்டியதைப் போனில் புள்ளிக்குப் பின் ஒரு சைபர் கூட்டி 0.002 என்று தட்டிவிட்டாள். தங்கையின் மாமியார் வீட்டார் சாப்பிட உட்கார்ந்த நேரம், கழுவின தண்ணீர் அத்தனையும் சமையலறைக்கே திரும்பி வந்தது. அன்று மூடிய வாயைத் தங்கை அக்காவிடம் திறக்கவேயில்லை. பட்டப்பெயரும் அன்றைக்கு வந்ததுதான்.

இப்போது அதே வீட்டில் புதுக் குளியலறை. கூப்பிட்டது தங்கையின் கணவர், அதுவும் வேறு ஆள் அகப்படாமல். காலையிலேயே மட்டம் பார்க்கும் ரசமட்டம் கை தவறி விழுந்து கண்ணாடி உடைந்தது. முன்பே கட்டியிருந்த மட்ட நூலும், சுவரில் சுண்ணக்கட்டியால் போடும் கணக்கும்தான் இனி துணை.

குழாய் வெளியே போகும் சுவர் ஓட்டைதான் சைபர். அங்கிருந்து தெருச் சாக்கடைக் குழிக்கு 6.5 மீட்டர், மீட்டருக்கு −0.02. பெருக்கினால் −0.13. பதிமூன்று சென்டி கீழே. ஓட்டைக்குப் பின்னால், குளியலறைப் பக்கம், −3.5 மீட்டர். முப்பத்தைந்தை இரண்டால் பெருக்கினால் எழுபது, புள்ளிக்குப் பின் மூன்று இடம், 0.070. புள்ளியைத் திரும்பத் திரும்பச் சரிபார்த்து, அந்த முனையையும் ஏழு சென்டி இறக்கி மணலால் மூடினாள்.

வெளியே கலவை இயந்திரம் உறுமியது.

"என்னம்மா, கொட்டலாமா? இறுகிடும்," என்றார் கொத்தனார்.

"கொட்டுங்க. போன தடவை சமையலறை, இந்தத் தடவை குளியலறைதானே," என்றார் தங்கை கணவர். தங்கை வாசற்படியில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

தள்ளுவண்டி உள்ளே வந்துவிட்டது. புள்ளியின் கண் சும்மா சுவர்ப் பக்கம் போனது. −0.02. அதன் கீழே −3.5. இரண்டுக்கும் முன்னால் கோடு. புள்ளியையே காவல் காத்ததில் குறியைக் கோட்டை விட்டிருக்கிறாள். இறக்கத்தில் பின்பக்கமாக நடந்தால் மேலே அல்லவா ஏற வேண்டும்? மைனஸும் மைனஸும் பெருகினால் ப்ளஸ்.

வாயைத் திறந்தால் மானம் போகும். திறக்காவிட்டால் தண்ணீர் கான்கிரீட்டுக்கு அடியில் தேங்கும். தங்கை வீட்டு வாசலை அதற்கப்புறம் மறந்துவிட வேண்டியதுதான்.

"நிறுத்துங்க," என்றாள். "தப்பு என்னுதுதான். இந்த முனை இறங்கக் கூடாது, ஏறணும்."

"எப்ப தப்புன்னு சொல்லுவீங்கன்னுதான் பாத்துட்டிருந்தேன் அண்ணி," என்றார் தங்கை கணவர்.

"கலவை காத்துக்கிட்டு இருக்காதும்மா," என்று முணுமுணுத்தார் கொத்தனார்.

அவள் மண்டி போட்டு மணலை வாரினாள். சைபருக்கு மேலே ஏழு. ஆக இருந்த இடத்திலிருந்து பதினாலு சென்டி தூக்க வேண்டும். செங்கல் சொருகி, நூலிலிருந்து அளந்து, எழுந்தாள்.

தங்கை உள்ளே போய் ஒரு வாளித் தண்ணீரோடு வந்தாள். அந்த முனையில் குழாய் வாய்க்குள் கவிழ்த்தாள். தண்ணீர் ஒரு சுற்று சுற்றிவிட்டு உள்ளே போனது. தங்கை கணவர் தெருக் குழிக்குப் போய்க் குனிந்தார்.

"வருது," என்றார் அங்கிருந்து. குரலில் கொஞ்சம் ஏமாற்றம்.

தங்கை காலி வாளியைப் பார்த்தாள். "இன்னொரு வாளி ஊத்திப் பாத்துடலாமா, அக்கா?"

"பத்து வாளி ஊத்துடி," என்றாள் புள்ளி.