வேணாம்னு அமுக்குங்க

திருகாணியில் கை வைப்பதற்கு முன் சிவபாலன் கணினிப் பெட்டியின் மேல் காதை வைத்துக் கேட்பார். கண்ணையும் மூடிக்கொள்வார். பூவத்திலிருந்து கடற்கரை வரைக்கும் அவர் காதுபட்டு எழுந்திருக்காத கணினியே கிடையாது. சரி, கொஞ்சம் கூட்டித்தான் சொல்லியாயிற்று. தருமபுரத்தில் ஒன்று எழுந்திருக்காமல் புகைந்தது. அன்றைக்கும் மனிதர் காதை எடுக்கவில்லை. மீசையில் பாதி போயிற்று.

கோவில்பத்தில் வீடு, முன்னறைதான் கடை. தோள்பையில் ஒரு கட்டு சிடி, தூசி தட்டப் பழைய பல் பிரஷ். யார் வீட்டுக்குப் போனாலும் முதல் கேள்வி ஒன்றுதான்: "கடைசியா கம்ப்யூட்டர்லேருந்து எதத் தூக்குனீங்க?"

போன வாரம் மஹ்பூபா வீட்டில் அதையே கேட்டார். அவள் கணவர் குவைத்தில். வெள்ளிக்கிழமை தோறும் கணினியில் முகம் பார்த்துப் பேசுகிற புரோகிராம், ஏதோ டிஎல்எல் ஃபைலைக் காணோம் என்று சொல்லித் திறக்க மறுத்தது.

"புள்ளைங்க படிக்க மாட்டேங்குதுன்னு கேம்ஸத் தூக்கிட்டேண்ணே. நடுவுல, இந்த ஃபைலயும் சேத்து எடுத்துடவான்னு என்னமோ கேட்டுச்சு. சரின்னு அமுக்கிட்டேன்."

"அங்கதான் தங்கச்சி போச்சு. அந்த ஃபைலு ஒருத்தருக்குச் சொந்தமில்ல, தெருக்குழாய் மாதிரி. கேம்ஸும் அதுலதான் தண்ணி புடிச்சுது, நீங்க மச்சானோட பேசுறதும் அதுலதான். வீட்டக் காலி பண்ணிட்டுப் போனவன் குழாயயும் புடுங்கிட்டுப் போயிட்டான்."

"நெட்டுல சும்மாவே கெடைக்குதாமே, எறக்கிப் போட்டுட வேண்டியதுதானே?"

"பேரு ஒண்ணா இருக்குன்னு கண்டவன் குடுக்குற மாத்திரைய முழுங்குவீங்களா?"

அந்தப் புரோகிராமோடு வந்த சிடியைத் தேடியெடுத்து, முழுதும் புதிதாக ஏற்றினார். திறந்தது. பையை மாட்டிக்கொண்டு வாசலில் நின்று வழக்கம்போலச் சொன்னார்: "இனிமே அப்புடிக் கேட்டா வேணாம்னு அமுக்குங்க. யாருக்கு வேணுமோ, நமக்கு எங்க தெரியுது?"

அவரையும் ஒருமுறை அப்படிக் கேட்டார்கள். மூன்று வருடம் முன்பு தம்பி முகிலனுக்குப் புதுச்சேரிக்கு மாற்றலாயிற்று. மூட்டை கட்டிக்கொண்டே, "அண்ணே, அம்மாவ நான் அழைச்சிக்கிட்டுப் போறேன். ஒனக்கு இங்க ஒண்ணும் கஷ்டமில்லல்ல?" என்றான். சிவபாலன் ஒரு கணினிப் பெட்டியில் காதை வைத்திருந்தார், வாயில் ஸ்குரு. "ம்" என்றார்.

அம்மா அமிர்தம் புதுச்சேரிக்குப் போன பிறகு வீட்டில் ஒவ்வொன்றாக நின்றது. அப்பாவின் திதி தவறியது. உறை மோர் தீர்ந்தது. சிவபாலனும் அவர் மனைவி சந்திராவும் ஒருவரோடு ஒருவர் பேசியதெல்லாம் அம்மா வழியாகத்தான் என்பது அப்போதுதான் தெரிந்தது. "அத்தே, கேஸ் தீந்துடுச்சின்னு ஒங்க புள்ளகிட்ட சொல்லுங்க" என்பாள் அவள், அவர் பக்கத்திலேயே நிற்க. "பொழுதோட சொன்னா என்னவாம்னு கேளும்மா" என்பார் இவர். நடுவில் அமிர்தம் வெற்றிலையை மென்றுகொண்டே இரண்டு பக்கமும் தலையாட்டுவாள். அவள் இல்லாத வீட்டில் புருஷனும் பெண்டாட்டியும் சண்டைகூடப் போடவில்லை. தட்டு வைக்கிற சத்தம், தட்டு எடுக்கிற சத்தம், அவ்வளவுதான்.

இந்தத் தை மாதம் சிவபாலனே போய் அம்மாவை அழைத்துவந்தார். மறதி வந்திருந்தது. மருத்துவர், போனது போனதுதான் என்று சொல்லிவிட்டார். மூத்தவன் என்று ஒருவன் இருந்ததே அமிர்தத்துக்கு நினைவில்லை. பஸ்ஸை விட்டு இறங்கி வீட்டு வாசலுக்கு வந்ததும், "முகிலா, இது யார் வூடு?" என்றாள். திருத்தப்போன சந்திராவை, வேண்டாம் என்று சிவபாலன் கையசைத்து நிறுத்தினார். அன்றிலிருந்து அம்மாவுக்கு முன்னால் அவர் முகிலன்தான். தனியாக இருக்கும்போது மட்டும், பெட்டியை மூடிய பிறகும், காதை அதன் மேலேயே வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் உட்கார்ந்திருக்கிறார்.

அன்று மஹ்பூபா வீட்டிலிருந்து வெயிலோடு திரும்பியவர், பையை இறக்காமலே அம்மாவின் நாற்காலிக்கு முன்னால் போய் நின்றார். பிள்ளைகள் சின்னவர்களாக இருந்தபோது செய்ததுபோல அமிர்தம் அவர் வயிற்றில் உள்ளங்கையை வைத்து அமுக்கிப் பார்த்தாள்.

"முகிலா, சாப்புட்டியா?"

"சாப்புட்டேம்மா."

அடுப்படியிலிருந்து சந்திராவின் குரல் வந்தது.

"பொய்யி, அத்தே. ஒங்க புள்ள காலையிலேருந்து ஒண்ணும் சாப்புடல. வந்து ஒக்காரச் சொல்லுங்க."