கேட்காமல் படம் பிடிக்கும் கம்ப்யூட்டரும் நானும்

கம்ப்யூட்டர் ரிப்பேர் என்பது, யாரோ எங்கேயோ செய்துவைத்த கோளாறுக்கு நாம் கடை திறந்து வைத்துத் திட்டு வாங்கும் தொழில். குடவாசல் கடைத்தெருவில் நான் அதைத்தான் செய்கிறேன். முன்பு வைரஸ், இப்போது ஏஐ. புது லேப்டாப்போடு ஒரு 'வசதி' வந்து இறங்கியிருக்கிறது. திரையில் தெரிவதையெல்லாம் சில நொடிக்கு ஒருமுறை படமெடுத்து வைத்துக்கொள்ளும். பிறகு எதைத் தேடினாலும் எடுத்து நீட்டும். உங்கள் வீட்டிலும் இருந்தால், நீங்களும் நம்ம கட்சிதான்.

எழுந்து போகாத ஆள்

மெஹருன்னிசா கீபோர்டு மாற்றக் கொடுத்திருந்தார். கணவர் துபாயில் வேலை பார்க்கிறார். மாற்றி முடித்து, எழுத்து சரியாக விழுகிறதா என்று பார்க்க, அந்த வசதியின் தேடல் பெட்டியில் எதையோ தட்டினேன். வரிசையாகப் படங்கள் வந்து விழுந்தன. எல்லாம் கணவரோடு வீடியோ காலில் பேசியபோது அதுவாக எடுத்தவை. தலையில் முக்காடு இல்லை. சிலவற்றில் அழுதுகொண்டிருந்தார். சட்டென்று மூடினேன். நானாவது பெண், கடையில் ஆண்களும் வேலை பார்க்கிறார்கள். அவர்கள் யாராவது திறந்திருந்தால்?

சத்தமில்லாமல் அழித்துவிடலாமா என்று பார்த்தேன். மனசு கேட்கவில்லை. அவர் வந்ததும் தனியாக உட்காரவைத்து விஷயத்தைச் சொன்னேன். அவர் கண்ணெதிரிலேயே எல்லாவற்றையும் அழித்து, அந்த வசதியையும் அணைத்தேன். கிளம்பும்போது சொன்னார்: "துபாய்லேர்ந்து அவங்க கூப்பிட்டா என் மாமியாரே எழுந்து அந்தாண்ட போயிடுவாங்கக்கா. இது மட்டும் உட்கார்ந்து பார்த்துக்கிட்டே இருந்திருக்கு!"

கோரை

நன்னிலத்தில் உரக்கடை வைத்திருக்கும் கணேசனுக்கும் அதை அணைத்துக் கொடுத்தேன். பேங்க் வேலையெல்லாம் அந்த லேப்டாப்பில்தான் பார்க்கிறார். அப்டேட் வந்தது, அதுவும் திரும்ப வந்துவிட்டது. மறுபடி அணைத்தேன். மறுபடி அப்டேட், மறுபடி அது. கம்பெனிக்காரன் செய்கிற வேலை இது, என் கையில் இல்லை என்று தொண்டை வறளச் சொன்னேன். அவர் சமாதானம் ஆகவில்லை. "கோரையைக் கிழங்கோட தோண்டி எடுக்கணும்மா. நீங்க மேலாக்க அறுத்து விட்டுட்டு வேலை முடிஞ்சிடுச்சுங்கறீங்க."

தாளாளருக்கு வந்த சந்தேகம்

பாபநாசம் பக்கம் ஒரு தனியார் பள்ளி. சுமதி டீச்சர் வேறு பள்ளியில் வேலைக்கு விண்ணப்பிக்க, ஆபீஸ் கம்ப்யூட்டரை உபயோகித்திருக்கிறார். தாளாளர் எதையோ தேடப்போக, 'இதையா தேடுகிறீர்கள்?' என்று டீச்சரின் விண்ணப்பத்தைப் படமாக எடுத்துக் கொடுத்துவிட்டது அது. எல்லோர் முன்னாலும் நிற்கவைத்துக் கேட்டாராம். டீச்சர் அழவில்லை, அந்த மாதமே புது வேலைக்குப் போய்விட்டார்.

தாளாளர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். முகமெல்லாம் பூரிப்பு. "இதை எல்லா கம்ப்யூட்டர்லயும் போட்டு விட்டுடுங்க. யார் என்ன பண்றாங்கன்னு தெரியணும்." எனக்கு வந்த எரிச்சலில், அது ஆள் பார்த்துப் படம் எடுக்காது சார், யார் உட்கார்ந்தாலும் எடுக்கும் என்றேன். அவர் நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துக்கொண்டார். அன்று நான் பள்ளியை விட்டுக் கிளம்பும்போது, அங்கே ஒரு கம்ப்யூட்டரிலும் அது இல்லை. காரணம் அவர் மெதுவாகக் கேட்ட இந்தக் கேள்விதான்: "அப்ப, ஸ்கூல் விட்ட பிறகு நான் உட்கார்ந்து பார்த்ததெல்லாம் அதுல இருக்குமா?"

உதவி

இதையெல்லாம் நிரந்தரமாக நிறுத்த வழி இருக்கிறதா என்று பார்க்கும்படி, என்னோடு வேலை பார்க்கும் கலாவிடம் சொல்லியிருந்தேன். காலையிலிருந்து கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தவர், சாப்பாட்டு வேளைக்குத் தலையைப் பிடித்துக்கொண்டு எழுந்து வந்தார். "உன்னை எப்படி நிறுத்தறதுன்னு கம்ப்யூட்டர்ல இருக்கற அந்த ஏஐகிட்டயே கேட்டேன்க்கா. கண்டிப்பா உதவி பண்றேன்னு சொல்லிட்டு, புதுசா வந்திருக்கற இன்னொரு வசதியை ஆன் பண்ணச் சொல்லுது."

முன்பு கம்ப்யூட்டர் சொன்ன வேலையைச் செய்யவில்லை என்று என்னைத் திட்டினார்கள், இப்போது சொல்லாத வேலையையும் செய்கிறது என்று திட்டுகிறார்கள். ஆக, நாட்டில் தொழில்நுட்பம் வளர்ந்துதான் இருக்கிறது.