பதினோரு பேருக்கும் ஒரே எண்

சம்மன்காரர் ஒரு தெருவுக்குள் நுழைந்தால் முதலில் நாய்களுக்குத் தெரியும். பிறகு வாசலில் நிற்கிற பெண்களுக்குத் தெரியும். யாரைத் தேடி வந்தாரோ அந்த ஆளுக்குத்தான் கடைசியில் தெரியும். நீதிமன்றத்துக் காகிதங்களை வீடு வீடாகக் கொண்டுபோய்க் கொடுப்பதுதான் இருபத்தாறு வருஷமாக அவர் பிழைப்பு. தோளில் ஒரு துணிப்பை. அதற்குள் காகிதக் கட்டு, மைப்பெட்டி, சின்னப் பசை டப்பா. கையெழுத்துத் தெரியாதவர்களிடம் ரேகை வாங்க மைப்பெட்டி. ஆளே அகப்படாவிட்டால் பக்கத்து வீட்டார் இரண்டு பேரைச் சாட்சிக்கு நிறுத்திக் கதவில் ஒட்டிவிட்டு வரப் பசை.

அவர் பசையைத் தொட்டது குறைவு. நாலு நடை நடந்தாவது ஆளைப் பார்த்துவிடுவார். காகிதத்தை நீட்டிவிட்டு உடனே திரும்பவும் மாட்டார். "என்னன்னு புரிஞ்சுதா?" என்று கேட்பார். எதிரே நிற்கிறவர் விழித்தால், அங்கேயே நின்று முழுசாக வாசித்துக் காட்டுவார். என்றைக்கு, எத்தனை மணிக்கு, எந்த மாடி என்று மூன்று தடவை சொன்ன பிறகுதான் பையைத் தோளில் போடுவார். ஒருவனுக்குத் தெரியாமலே அவன் தலையில் தீர்ப்பு விழுவது பெரிய பாவம் என்பது அவர் எண்ணம்.

"கடவுளே ஒருத்தனைத் தண்டிக்கறதுக்கு முன்னால கூப்பிட்டு ஒரு வார்த்தை கேக்கறாரு. நாம என்ன அவரவிட ஒசத்தியா?" என்பார் மனைவியிடம்.

சட்டம் மாறியது. மாறியதைச் சொல்லிக்கொடுக்கச் சட்டக் கல்லூரியிலிருந்து ஓர் ஆசிரியர் வந்தார். சின்ன வயது, மரியாதையான பிள்ளை. ஊழியர்களை எல்லாம் பெரிய கூடத்தில் உட்காரவைத்துப் பேசினார்.

"முன்னாடி சட்டம் ஒரே கேள்விதான் கேட்டுச்சு. காகிதம் கைக்குப் போச்சா? ஏன்னா அன்னைக்கு மனுஷன்னா ஒரு உடம்பு, ஒரு வாசல். இன்னைக்கு எல்லாரும் வலைக்குள்ள வாழறோம். ஒருத்தரோட போன் எண் எங்க இருக்கோ அங்கதான் அவர் இருக்காரு. அந்த எண்ணுக்குச் செய்தி போய்ச் சேர்ந்துட்டா, அவருக்குத் தெரிஞ்சதாத்தான் சட்டம் எடுத்துக்கும்."

சம்மன்காரர் மெதுவாக எழுந்து நின்றார். "ஐயா, போய்ச் சேர்றது வேற, தெரியறது வேற இல்லீங்களா?"

"மனுஷங்களுக்கு வேற வேறதான். சட்டத்துக்கு இனிமே ரெண்டும் ஒண்ணு."

"எண்ணே இல்லாதவங்க?"

"யாருக்குங்க இந்தக் காலத்துல எண் இல்ல?"

கூடமே சிரித்தது. முன் வரிசையில் இருந்த தட்டெழுத்து அம்மா மட்டும் சிரிக்காமல் திரும்பி அவரைப் பார்த்தார். அந்த அம்மாவும் பழைய ஆள்தான். எந்தெந்த வீட்டில் என்ன இல்லை என்று காகிதங்களின் வழியாக அறிந்தவர்.

அதன் பிறகு சம்மன்காரரின் பையில் காகிதம் குறைந்தது. அதற்குப் பதில் கையில் ஒரு கருவியைக் கொடுத்தார்கள். வழக்கில் பெயர் வந்தவர்களின் வீட்டுக்குப் போய் அவர்களுடைய எண்ணை அதில் பதிய வேண்டும். எண் இல்லாதவர்களும் இருந்தார்கள். கருவியோ வெற்றிடத்தை ஏற்காது. சிவப்பாகத் துடித்துக்கொண்டே நிற்கும். முதல் நாள் கண் தெரியாத ஒரு பெரியவரின் முன்னால் அப்படித் துடித்தது. சம்மன்காரர் கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு மனதுக்குள் சாமியைக் கும்பிட்டுவிட்டுத் தன் சொந்த எண்ணைப் போட்டார். செய்தி எனக்கு வரட்டும், நான் நடந்து வந்து சொல்லிவிடுகிறேன். இதில் யாருக்கு என்ன நஷ்டம் என்று நினைத்தார். கருவி பச்சையானது. 'அனைத்தையும் ஒப்புக்கொள்கிறேன்' என்று ஒரு கட்டம் வந்தது. அதன் கீழே ஒன்பது பக்கத்துக்குப் பொடி எழுத்து. ஊருக்கெல்லாம் வாசித்துக் காட்டியவர், அந்த ஒன்பது பக்கத்தை வாசிக்கவில்லை. கட்டத்தைத் தொட்டுவிட்டு நகர்ந்தார்.

இப்படிப் பதினோரு பேர் சேர்ந்தார்கள்.

"வீட்டுக்கு நான் ஒருத்தி. உங்க போனுக்குள்ள பதினோரு குடும்பமா? நல்லா இருக்குய்யா உங்க சம்சாரம்" என்றாள் மனைவி.

"எல்லாம் பாவப்பட்ட ஜனங்க. நீ சாப்பாட்டை வை."

பதினோராவது ஆள் ஒரு தையல்காரப் பெண். இரண்டாம் மாடியில் ஒற்றை அறை. ஜன்னலோரம் தையல் மெஷின், அதன் காலடியில் ஆறு வயது மகள். ஊசியில் நூல் கோத்துக் கொடுப்பதும் விழுந்த பித்தானைப் பொறுக்குவதும் அந்தக் குழந்தையின் வேலை. இரண்டு வருஷத்துக்கு முன்னால் விட்டுப்போன கணவன், இப்போது குழந்தையைத் தன்னிடம் ஒப்படைக்கச் சொல்லி வழக்குப் போட்டிருந்தான். செய்தி வரும்போதெல்லாம் சம்மன்காரர் மாடியேறிப் போய்ச் சொல்லிவிட்டு வந்தார்.

"தங்கச்சி, தேதி வந்திருக்கு. வர்ற புதன், காலையில பத்து மணி, மூணாவது மாடி."

அவள் மெஷினை நிறுத்தவில்லை. கால் மட்டும் தடுமாறியது. "பிள்ளையப் பிடுங்கிக் குடுத்துடுவாங்களாண்ணே?"

"எதுக்குக் குடுக்கறாங்க? நீ நேர்ல வந்து நில்லு. உள்ளதச் சொல்லு. இவள விட்டு ஒரு நாளாவது பிரிஞ்சிருக்கியா நீ?"

"கடைக்குக்கூடக் கையப் பிடிச்சுட்டுத்தான் போவேன்."

"அப்புறம் என்ன?"

அவர் தைரியம் சொல்லிவிட்டு இறங்கினாரே தவிர, அந்த மாதம் அவருக்கே மனசு சரியில்லை. போன் என்னென்னவோ கேட்கத் தொடங்கியிருந்தது. ஒரு நாள் காய்ச்சல் என்று படுத்திருந்தார். 'இன்று நீங்கள் வழக்கமான இடங்களுக்குப் போகவில்லை' என்று எழுத்து வந்தது. யாரிடம் கேட்கிறது, யாருக்குச் சொல்கிறது என்று புரியவில்லை. இன்னொரு நாள், 'உங்கள் மகளின் பள்ளி திறந்துவிட்டது, நீங்கள் இரண்டு கிலோமீட்டர் தள்ளி இருக்கிறீர்கள்' என்றது. அவருக்கு இரண்டும் ஆண் பிள்ளைகள். இரண்டு பேருக்கும் கல்யாணமாகிவிட்டது.

"இது யாரோ பாக்கற மாதிரி இருக்குங்க. எனக்கு என்னவோ பிடிக்கல" என்றாள் மனைவி. அவர் போனைக் கவிழ்த்து வைத்தார். கவிழ்த்து வைத்த பிறகும் அதன் விளிம்பில் வெளிச்சம் கசிந்தது.

புதன்கிழமை வந்தது. நீதிமன்ற வாசலில் பழைய காவலாளிக்குப் பதிலாகக் கண்ணாடிக் கதவு நின்றது. தையல்காரப் பெண் குழந்தையோடு முன்னால் போனாள். கதவு அசையவில்லை. பின்னால் சம்மன்காரர் போனதும் அது சத்தமில்லாமல் விலகியது. மேலே பச்சையாக எழுத்து ஓடியது: 'எதிர்மனுதாரர், குழந்தையின் தாய், வந்துவிட்டார்.'

சம்மன்காரர் சட்டைப்பையிலிருந்த போனைத் தொட்டுப் பார்த்தார்.

பக்கத்தில் நின்ற ஊழியர் அந்தப் பெண்ணைப் பார்த்தார். "நீங்க கூட வந்தவங்களா? அந்தப் பக்கமா வாங்க."

மூன்றாவது மாடியில் நீதிபதி களைத்த முகத்தோடு இருந்தார். கடுமையான மனிதர் இல்லை. கணவனின் வக்கீல் ஓர் அறிக்கையை எடுத்து நிதானமாக வாசித்தார்.

"தாயின் நடமாட்டம், கடைசித் தொண்ணூறு நாள். பதிவான எண் காட்டியபடி. தினமும் விடியற்காலை ஐந்தே முக்காலுக்கு வெளியே கிளம்புகிறார். வழிபாட்டுக்கு நாற்பது நிமிஷம். ஒன்பதிலிருந்து ஐந்து வரை தெருத்தெருவாகச் சுற்றுகிறார். பதினோரு மணிக்குப் பாலத்தடி டீக்கடை. குழந்தை இருக்கும் வீட்டுக்குத் தொண்ணூறு நாளில் ஏழே தடவை வந்திருக்கிறார். அதிகபட்சம் பதினெட்டு நிமிஷம்." வக்கீல் பக்கத்தைப் புரட்டினார். "இரவு முழுவதும் ஆற்றுக்கு அந்தப் பக்கம் வேறொரு வீட்டில்."

கூடத்தில் சின்ன முணுமுணுப்பு எழுந்தது. கணவன் தலையைத் திருப்பி அவளை ஏற இறங்கப் பார்த்தான்.

"ஐயா, நான் மெஷின விட்டு எழுந்திரிக்கறதே அபூர்வம். அந்தப் பாலத்த நான் பாத்ததுகூட இல்ல" என்றாள் தையல்காரப் பெண்.

"நேர்ல பாத்த சாட்சி மறந்துடலாம், மாத்திச் சொல்லலாம். எண் பொய் சொல்லாதும்மா" என்றார் நீதிபதி. வருத்தத்தோடுதான் சொன்னார். பேனாவைத் திறந்தார்.

சம்மன்காரர் பின் வரிசையில் உட்கார்ந்திருந்தார். ஒவ்வொரு வரியும் அவருக்கு அடையாளம் தெரிந்தது. பாலத்தடி டீக்கடை, காலை வழிபாடு, ஆற்றுக்கு அந்தப் பக்கம் தன் வீடு. அந்த ஏழு தடவையும் தேதியும் கையுமாக மாடியேறியது அவர்தான். தான் இரக்கப்பட்டு நடந்த நடையெல்லாம் சேர்ந்து அந்தப் பெண்ணின் கழுத்தைச் சுற்றி நிற்பதைப் பார்த்தார். ஓய்வுக்கு இன்னும் ஏழு மாதம். நீதிமன்றப் பதிவில் பொய்யான விவரம் கொடுத்தவர்களுக்கு என்ன நடக்கும் என்பது அவருக்குத் தெரியும்; அப்படிப்பட்டவர்கள் வீட்டுக்கும் அவர் சம்மன் கொண்டுபோயிருக்கிறார். குழந்தை பெஞ்சியில் காலை ஆட்டிக்கொண்டு கையிலிருந்த பித்தானைச் சுழற்றிக்கொண்டிருந்தது.

அவர் எழுந்தார். "ஐயா, அது என் காலு."

நீதிபதி நிமிர்ந்தார்.

"அறிக்கையில இருக்கறது அவங்க நடை இல்லீங்க ஐயா. என் நடை. அவங்களுக்கு எண் கிடையாது. நான்தான் என் எண்ணப் போட்டேன். அந்த டீக்கடையில தினமும் சக்கரை இல்லாம டீ குடிக்கறது நான். ராத்திரி தூங்கறது என் வீட்டுல, என் சம்சாரத்தோட."

யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. "இன்னும் எத்தனை பேருக்கு இப்படிப் பண்ணியிருக்கீங்க?"

"பத்துப் பேருங்க."

"அந்தப் பத்துப் பேர் வழக்குலயும் உங்க நடமாட்டம்தான் அவங்க நடமாட்டமா ஏறியிருக்கும். தெரியுமா?"

"தெரியாதுங்க ஐயா."

"தெரிஞ்சதாத்தான் அர்த்தம். ஒப்புக்கறேன்னு பதினோரு தடவை தொட்டிருக்கீங்க."

உத்தரவு ஐந்து நிமிஷத்தில் ஆனது. அறிக்கை இப்போதைக்கு ஒதுக்கப்பட்டது. அடுத்த தேதிவரை குழந்தை தாயிடமே இருக்கலாம். அன்று தாய் வராவிட்டால், தந்தையிடம் ஒப்படைக்க வேண்டும். சம்மன்காரர் வேலையிலிருந்து நிறுத்தி வைக்கப்பட்டார். அவருடைய போன் விசாரணைக்கான சான்று. உறையிலிட்டு முத்திரை வைக்க வேண்டும்.

"அடுத்த தேதி எப்பங்கய்யா?" என்றாள் அந்தப் பெண்.

"தேதி போடறது நான் இல்லம்மா. அது தானா விழும். நோட்டீஸ் வரும்."

"எந்த எண்ணுக்குங்க?"

நீதிபதி திரையைப் பார்த்தார். "பதிவுல இருக்கற எண்ணுக்கு. விசாரணை முடியறவரைக்கும் அத மாத்த முடியாது."

கீழே தட்டெழுத்து அம்மாவின் மேசையில் போனை உறையில் போட்டு, நூல் கட்டி, அரக்கை உருக்கி ஊற்றினார்கள். அரக்கு இறுகும் முன்பே உறை ஒரு தடவை அதிர்ந்தது. மேசைமேல் அரை விரல் நகர்ந்து நின்றது. பக்கத்துத் திரையில் பச்சை எழுத்து வந்தது: 'சேர்ந்தது.'

"தேதிதான் அது. பிரிச்சுப் பாரும்மா, ஒரு நிமிஷம்" என்றார் சம்மன்காரர்.

தட்டெழுத்து அம்மாவுக்குக் கண் கலங்கியது. "முத்திரை வெச்சாச்சுண்ணே. உத்தரவு இல்லாமத் தொட்டா எனக்கும் இதே கதிதான். திரையிலயும் சேர்ந்ததுன்னு மட்டும்தான் காட்டும். என்னைக்குன்னு காட்டாது."

தையல்காரப் பெண் குழந்தையை இறுக்கிப் பிடித்தபடி படிக்கட்டோரம் நின்றாள்.

"தங்கச்சி, நாளையிலேருந்து கதவு திறக்கற நேரத்துக்கு நீ இங்க வந்து நில்லு. தினமும் வா. உன்னக் கூப்பிடறவரைக்கும் வா."

"அந்தக் கதவு எனக்குத் திறக்காதேண்ணே."

"வெளியிலயாவது நில்லு. நானும் வந்து நிக்கறேன்" என்றார் சம்மன்காரர்.

அவர் பையைத் தோளில் மாட்டினார். உள்ளே காகிதம் எதுவும் இல்லை. மைப்பெட்டியும் பசை டப்பாவும் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன. இன்னும் பத்து வீடு. இருட்டுவதற்குள் பத்துப் பேரையும் நேரில் பார்த்துச் சொல்லியாக வேண்டும். எதைச் சொல்வது, எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. பாதி வழியில் ஒரு பழக்கத்தில் சட்டைப்பையைத் தொட்டுப் பார்த்தார், வெறுமையாக இருந்தது. அவர் நடப்பது இப்போது எங்கும் பதிவாகவில்லை. பதிவேட்டின்படி அந்த நேரத்தில் பதினோரு பேரும் தட்டெழுத்து அம்மாவின் மேசைமேல், அரக்கு வைத்த உறைக்குள், அசையாமல் கிடந்தார்கள். உறை மறுபடி அதிர்ந்தது.