போர்முனையில் ரை அறுத்த ஒனுஃப்ரி

எங்கள் ஊரில் ஒனுஃப்ரியிடம் யாரும் மணி கேட்பதில்லை. கேட்டால், கோயில் மணிப்படியா, ரயில் மணிப்படியா என்று ஆரம்பிப்பான். இரண்டும் ஏன் ஒத்துப்போவதில்லை என்பதில் வந்து நிற்கும்போது நம் ரயில் போயிருக்கும். அவன் மனைவி மெலானா ஒருமுறை கிணற்றடியில் எல்லோர் முன்னும் சொன்னாள்: "இந்த மனுஷனை சவப்பெட்டில வச்சாலும், ஆணி கோணலா இருக்குன்னு எந்திரிச்சு உக்காருவாரு."

இப்படி ஒரு ஆளைத் தூக்கில் போட ஒரு கேப்டன் ஆசைப்பட்டதில் பெரிய ஆச்சரியம் இல்லை. ஆனால் எதற்காக ஆசைப்பட்டான் என்பதுதான் விசித்திரம். ஒனுஃப்ரியிடமே கேட்டால் மாட்டுக்குத் தண்ணீர் காட்ட வேண்டும் என்று எழுந்து போய்விடுவான். பக்கத்தில் இருந்தவன் நான். செங்கல் சூளையில் வேலை பார்த்து ஜெர்மன் கற்றிருந்ததால் என்னைக் கார்ப்பரல் ஆக்கி, கேப்டன் பேசுவதை எங்கள் ஆட்களுக்கும் எங்கள் ஆட்கள் முனகுவதைக் கேப்டனுக்கும் சொல்ல வைத்திருந்தார்கள். அதனால் நானே சொல்கிறேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினைந்து, ஆகஸ்ட். ஸோலோட்டா லீபா ஆற்றங்கரை மேட்டில் ஆஸ்திரியப் பேரரசருக்காக நாங்கள் பதுங்குகுழி வெட்டி உட்கார்ந்திருந்தோம். எதிர் மேட்டில் ருஷ்ய ஜார் மன்னருக்காக அவர்கள். நடுவில் நானூறு அடிக்கு ஒரு ரை வயல், கோதுமைக்குத் தம்பி மாதிரி ஒரு தானியம். சொந்தக்காரன் எப்போதோ ஓடிவிட்டான். ஜூலையிலேயே அறுத்திருக்க வேண்டிய பயிர் முற்றிப்போய், காற்றடித்தால் மணி உதிர்ந்தது. ஒனுஃப்ரி நாள் முழுக்க அதையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"உதிருதுடா தானாஸ்," என்றான்.

"உதிரட்டும். உன் வயலா அது?"

"வயல் யாருதா இருந்தா என்ன? முத்துற பயிர் ஆளப் பாத்தா முத்துது?"

"தலைய வெளிய நீட்டுனா உன் மண்டையும் உதிரும்."

"அது எப்படி? அவனுங்களும் விவசாயிங்கதான?"

மறுநாள் விடிகிற நேரம், ஆற்று மூடுபனி வயலை மூடியிருந்தபோது, கையில் ஒரு கருக்கரிவாளோடு ஆள் ஏறிப் போய்விட்டான். கேப்டன் தூங்குவது பின்னால் கிராமத்தில், மெத்தையுள்ள வீட்டில். அவன் எழுந்து வர எட்டு மணியாகும். காவலுக்கு இருந்தவர்கள் எல்லாம் எங்கள் ஜில்லாக்காரர்கள். அறுப்பு அறுக்கப் போகிறவனைத் தடுக்க அவர்களுக்கு நாக்கு வரவில்லை. நான் மட்டும் பயந்து, வயிற்றால் ஊர்ந்து பின்னாலேயே போனேன்.

பனிக்குள் எதிர்ப்பக்கத்திலிருந்து சாணைக்கல் தீட்டும் சத்தம் கேட்டது. அவர்களிலும் ஒருவன் இறங்கியிருந்தான். இவன் கருக்கரிவாளால் கைப்பிடி கைப்பிடியாக அறுத்தான், அவன் நீண்ட பிடி போட்ட வீச்சரிவாளால் வாரி வாரி வீசினான். இருவரும் எதிரெதிராக நெருங்கினார்கள். எதிரே வந்தவன் நெடுநெடுவென்று உயரம், செம்பட்டை மீசை, ஜார் படைத் தொப்பி. முதல் வார்த்தையே கேலிதான்.

"என்ன மச்சான், பொம்பளைங்க அரிவாளோட வந்திருக்க? ஊட்டுக்காரி வரலையா?"

"உன்ன மாதிரி வீசுனா பாதி மணி மண்ணுக்குப் போயிரும். அறுக்க வந்தியா, விதைக்க வந்தியா?" என்றான் ஒனுஃப்ரி.

அந்த ஆள் அரிவாளை ஊன்றிக்கொண்டு இவனை உற்றுப் பார்த்தான். "எங்க ஊரு பேச்சுல பேசுற. எங்க இருந்து புடிச்சாங்க உன்ன?"

"எங்க ஊரு பேச்சுதான் உங்க ஊருக்கு வந்துச்சு."

பெயர் யூஹிம். போல்தாவா பக்கம், நாலு குழந்தைகள். எங்கள் படையில் எங்களை ருத்தேனியர் என்று எழுதியிருந்தார்கள், அவர்கள் படையில் அவர்களைச் சின்ன ருஷ்யர் என்று. யூஹிம் கத்தரிக்கோலுக்கும் உருளைக்கிழங்குக்கும் வேறு பெயர் சொன்னான், அதற்காக இருவரும் கால் மணி நேரம் சண்டை போட்டார்கள். மற்றபடி ஒரே பேச்சு, எல்லை போட்டு இரண்டாகப் பிரித்த ஒரே ஜனம். போர் தொடங்கி ஒரு வருஷமாகியும், எதிரே இருப்பவன் எப்படிப்பட்டவன் என்று எனக்கு அன்றுதான் தெரிந்தது. தெரிந்துகொள்ளாமலே இருந்திருக்கலாம் என்று பிற்பாடு பலமுறை நினைத்திருக்கிறேன்.

மூன்று விடியற்காலைகள் அறுத்தார்கள். கதிர்க்கட்டுகளை அவரவர் பக்கம் இழுத்துக்கொண்டார்கள். நாங்கள் வைக்கோலை விரித்துப் படுத்தோம், மணியைக் கசக்கித் தகரக் குவளையில் வேக வைத்தோம். வயல் குறைவது ஏன் என்று கேட்ட கேப்டனிடம், படுக்க வைக்கோலுக்காக இருட்டில் அறுக்கிறோம் என்று சொல்லிவைத்தேன்; சுடுவதற்கு வசதி என்று அவனும் விட்டுவிட்டான். மூன்றாம் நாள் கடைசியாக ஒரு கைப்பிடிப் பயிர் மிஞ்சியது. அதை அறுக்க எங்களில் எவனுக்கும் கை வராது. அது வயலின் தாடி. வயலை மொட்டையடித்தால் அடுத்த வருஷம் விளையாது. அதனால் கடைசிக் கைப்பிடியை விட்டு, கதிர்களை முறுக்கிச் சிவப்பு நூலால் கட்டி, சுற்றிக் களை பிடுங்கி, அடியில் ரொட்டியும் உப்பும் வைப்போம். அவர்களும் அப்படியே செய்வார்களாம்.

ஒனுஃப்ரி தன் சட்டைக் கையில் மெலானா போட்டிருந்த பூவேலையிலிருந்து சிவப்பு நூலைப் பிரித்துக் கட்டினான். யூஹிம் ராணுவ ரஸ்க் ஒன்றை அடியில் வைத்தான். முடிச்சை இடப்பக்கம் போடுவதா வலப்பக்கமா என்று சண்டை போட்டுக்கொண்டே பிரிந்தார்கள். அடுத்த வருஷம் அந்த வயலில் யார் விதைப்பார் என்று இருவருமே யோசிக்கவில்லை. பனி விலகியதும் மொட்டை வயலின் நட்ட நடுவில் அது தனியாக நிற்கும் என்பதும் எங்கள் மூவருக்கும் தோன்றவில்லை.

எட்டு மணிக்குக் கேப்டன் வந்து தொலைநோக்கியில் கண்ணை வைத்தான். வைத்த கண்ணை எடுக்கவில்லை. "அந்தச் சிவப்புக் கட்டு என்ன? பீரங்கிக்குக் குறியா?"

பிரிந்து தொங்கிய நூலோடு ஒனுஃப்ரியின் சட்டைக் கை எல்லோருக்கும் தெரிந்தது. அவனும் மறைக்கிற ஆள் இல்லை. "நான்தான் கட்டுனேன். தாடின்னு சொல்லு அவருகிட்ட," என்றான். சொன்னேன். வயலுக்குத் தாடியா என்று கேப்டன் சிரித்தான், அந்தச் சிரிப்பு நல்லதுக்கில்லை என்று எனக்குத் தெரிந்தது. முந்தின வருஷம்தான் ருஷ்ய ஒற்றர்கள் என்ற சந்தேகத்தில் இதே ஆஸ்திரியப் படை எங்கள் ஜனங்களை ஊர் ஊராகத் தொங்கவிட்டிருந்தது.

கேப்டன் அமைதியாகச் சொன்னான், நான் சொல் மாறாமல் சொன்னேன்: "இப்பவே போய் அதை அறுத்துட்டு வரணுமாம். அவங்க சுட்டாங்கன்னா நீ நம்ம ஆளு. சுடலைன்னா அவங்க ஆளு, சாயங்காலத்துக்குள்ள கயிறு."

"அது எப்படி?" என்றான் ஒனுஃப்ரி. அவன் கேட்ட ஆயிரம் "எப்படி"களில் நியாயமானது அது ஒன்றுதான்.

போனான். பட்டப்பகல். மொட்டை வயலில் நடந்து தாடிக்குப் பக்கத்தில் நின்றான். ஒரு வேட்டு இல்லை. அந்தப் பாழாய்ப்போன நல்லவர்கள் அவன் வந்த வேலையை முடித்துக்கொண்டு போகட்டும் என்று வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார்கள். கேப்டன் கடிகாரத்தை எடுத்தான். சுடுங்களேன் என்று எதிரியை மனதுக்குள் கெஞ்சியது என் வாழ்க்கையில் அந்த ஒரு முறைதான்.

அப்போது ஒனுஃப்ரி தொண்டை கிழியக் கத்தினான்: "ஏ யூஹிம், சுடுடா. சுடலைன்னா இவனுங்க என்னத் தூக்குல போட்ருவானுங்க."

கேப்டன் என் பக்கம் திரும்பினான். "என்ன கத்துகிறான்?"

"அவர்கள் தாயைத் திட்டுகிறான், ஐயா," என்றேன்.

எதிர் மேட்டிலிருந்து குரல் வந்தது. "நெசமாவா?"

"நெசமாத்தான். பாத்துச் சுடு."

"அப்ப படு மச்சான்."

"அவர்கள் இவன் தாயைத் திட்டுகிறார்கள், ஐயா."

அதன்பிறகு தொடங்கியது. ஒரு துப்பாக்கி இல்லை, அந்த மேடே சுட்டது. ஒனுஃப்ரிக்கு இடமும் வலமும் மண் எகிறியது. அவன் தாடியின் காலடியில் முகம் புதைத்துக் கிடந்தான், பிறகு ஒரே வீச்சில் அதை அறுத்துப் பல்லில் கடித்துக்கொண்டு ஊர்ந்து வந்தான். வந்து சேரும்வரை வேட்டு நிற்கவில்லை. குழிக்குள் விழுந்தவனைக் கேப்டன் தலை முதல் கால்வரை பார்த்தான். ஒரு கீறல் இல்லை.

"குறி பார்க்கக் கூடத் தெரியாத மாட்டுக்காரப் பயல்கள்," என்று சொல்லிவிட்டுக் காபி குடிக்கப் போனான்.

நாங்கள் சிரித்த சிரிப்பு அடங்க வெகு நேரமானது. ஒனுஃப்ரி மட்டும், "வலப்பக்கம் சுட்டவன் ரொம்ப ஒட்டிச் சுட்டான்," என்று குறை சொன்னான்.

மறுநாள் எங்கள் தரப்புத் தாக்குதல். விடியற்காலையில் பீரங்கிகள் முழங்கின, பிறகு எங்களை மேலே ஏற்றினார்கள். அந்த நானூறு அடியை மூச்சு விடாமல் ஓடினோம். எதிரிலிருந்து வேட்டு வரும் வரும் என்று பார்த்தால் வரவில்லை. எங்கள் கம்பெனிதான் அந்தக் குழிக்குள் முதலில் குதித்தது. துப்பாக்கி முனைக் கத்தியால் என்ன நடந்தது என்பதை நான் சொல்லப்போவதில்லை.

எல்லாம் முடிந்த பிறகு குழியின் வளைவில் யூஹிமைப் பார்த்தோம். சாய்ந்து உட்கார்ந்திருந்தான், உயிர் இல்லை. துப்பாக்கியைத் தலைகீழாக, உலக்கை மாதிரி பிடித்திருந்தான். ஒனுஃப்ரி அவன் பக்கத்தில் மண்டியிட்டுத் தொப்பியைச் சரியாக வைத்தான். கைதியாகப் பிடிபட்ட ஒரு கிழட்டுச் சிப்பாய் அங்கே கைகளைத் தூக்கியபடி நின்றிருந்தான்.

"ஏன் பெரியவரே, ஏன் நீங்க யாரும் சுடல?" என்று ஒனுஃப்ரி கேட்டான்.

"எதை வச்சுத் தம்பி சுடுறது? ஆளுக்குப் பத்து தோட்டாதான் குடுத்தாங்க. அடுத்த வண்டி வரவே இல்ல. நேத்து உன்னச் சுத்திச் சுட்டோமே, அதோட சரி."

ஒனுஃப்ரி யூஹிமின் இடுப்பிலிருந்த தோல் பையைத் திறந்து உள்ளே கை விட்டான். விரல்களால் மூலை மூலையாகத் துழாவினான்.

"இவன் எத்தனை சுட்டான்?"

"அவனா? பத்தையும்தான்."