மாலை போட்ட படம்

குமுதா வேட்டிக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். இரண்டு வேட்டிகளை இணைத்துத் தைத்தது அது. சனிக்கிழமை தோட்டத்துக் கோயில் மண்டபத்தில் அதுதான் திரை. ஒரு சுருக்கம் இருந்தாலும் படத்தில் வருகிறவர்களின் மூஞ்சி கோணிக்கொள்ளும்.

அப்போதுதான் புஷ்பலதா போன் பண்ணினாள்.

"அக்கா, அம்மாவுக்குப் புதுச் சேலை வாங்கியாச்சு. உங்க படத்துல ஹீரோயினு லா இப்ப, கையில பிடிக்க முடியல." சிரித்தவள் சட்டென்று குரலைத் தாழ்த்தினாள். "கோயில் செவுத்துல நோட்டீஸ் ஒட்டிருக்கீங்களே, அதுல தாத்தா படத்துக்கு மாலை போட்டிருக்கு. அம்மா இன்னும் பாக்கல."

குமுதா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

மலேசியாவில், சுங்கை சிப்புட் பக்கத்து ரப்பர்த் தோட்டத்தில் பிறந்தவள் அவள். தோட்டத்தை விற்று லயத்து வீடுகளை இடித்ததும் குடும்பம் ஈப்போவுக்கு வந்தது. கையுறைத் தொழிற்சாலையில் வேலை. மிச்ச நேரத்தில் ஓவியம், பழைய கைலித் துணியில் ஒட்டுத் தையல், தெருநாடகம், கடைசியில் கேமரா. பள்ளிப் புத்தகத்தில் இல்லாத தோட்டத்து ஆட்களைத் தேடித்தேடி எடுத்தாள். இந்தப் படம், யுத்தத்தின்போது சயாமில் ரயில்பாதை போட ஜப்பான்காரன் பிடித்துக்கொண்டு போனவர்களைப் பற்றியது.

புஷ்பலதாவின் அம்மா கருப்பம்மாள் கைக்குழந்தையாக இருந்தபோது அவளுடைய அப்பா ராமையா அப்படிப் போனவர். செத்தார் என்று யாரும் வந்து சொல்லவில்லை. அதனால் அவர் மனைவி கடைசிவரை தாலியைக் கழற்றவில்லை. பொட்டும் பூவுமாகத்தான் புதைத்தார்கள். இன்றுவரை அந்த வீட்டில் ராமையாவுக்குத் திதி கிடையாது, படத்துக்கு மாலை கிடையாது.

இதையெல்லாம் கருப்பம்மாள் சொல்லச்சொல்லப் படம்பிடித்தவளே குமுதாதான். ஆனாலும் ராமையாவின் போட்டோவை நகலெடுத்து, படப்பிடிப்புக்காகத் தன் வீட்டுச் சுவரில் மாட்டியபோது காட்சி வெறிச்சென்று இருந்தது. பழைய ஆள் படம் என்றதும் கை தானாக மாலையைத் தேடிப் போய்விட்டது. அந்தக் காட்சியே நோட்டீஸிலும் ஏறிவிட்டது.

"நான் இப்பவே வாரேன்," என்றாள்.

காரை ஓட்டிக்கொண்டே யோசித்தாள். நோட்டீஸைக் கிழித்துவிடலாம், காட்சியை வெட்டிவிடலாம். ஊர் வாயை என்ன செய்வது? கருப்பம்மாளுக்கு எண்பதைத் தாண்டிய உடம்பு. எங்கப்பாவக் கொன்னுட்டியே என்று கத்தி, கத்தினபடியே சாய்ந்துவிட்டால்?

கருப்பம்மாள் புதுச் சேலையை மடியில் போட்டுத் தடவிக்கொண்டிருந்தாள். "வா வா, படக்காரி! பாலு இல்ல, டீ ஓ குடிக்கிறியா? ஏன், பேயறைஞ்ச மாதிரி நிக்கிற?"

"இத மொதல்ல நீங்க பாக்கணும்மா." கையோடு கொண்டுவந்த நோட்டீஸை நீட்டினாள்.

கருப்பம்மாள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தாள். திட்டவில்லை, அழவுமில்லை. மாலையின்மேல் விரலை வைத்தபடி நிமிர்ந்தாள்.

"நீ சயாம் வரைக்கும் போயி விசாரிச்சவ. எங்கப்பா சேதி கெடச்சிருச்சா?"

இல்லை என்று சொல்ல வேண்டும். அப்புறம் எதுக்கு இந்த மாலை என்று கேட்பாள்.

"சொல்லு தாயி. எந்த எடத்துல?"

குமுதா நோட்டீஸைத் திரும்ப வாங்கக் கையை நீட்டினாள்.

"அப்ப எங்கப்பா போயிட்டாருதான்," என்றாள் கருப்பம்மாள். பிறகு சேலையை நாற்காலியில் போட்டுவிட்டு, நோட்டீஸை மட்டும் எடுத்துக்கொண்டு, சுவரைப் பிடித்துப் பிடித்து உள்ளே போனாள்.