அவளுக்கு முதலில் கிடைத்த என் பெயர்

பணி ஓய்வு நாளில் பீளமேட்டு பம்ப்செட் கம்பெனியில் எனக்கு ஓர் எவர்சில்வர் குடம் கொடுத்தார்கள். அதன் கழுத்தில் புள்ளி புள்ளியாக 'துடியலூர் அம்மணி' என்று வெட்டியிருந்தது. எல்லோரும் கை தட்டினார்கள். நானும் சிரித்தபடி வாங்கிக்கொண்டேன். வீட்டுக்கு வந்ததும் எழுத்துள்ள பக்கத்தைச் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்தேன்.

துடியலூரிலிருந்து வந்து மோட்டாருக்குக் காயில் சுற்றும் பிரிவில் நான் சேர்ந்தபோது என் பெயரிலேயே அங்கு ஒருத்தி இருந்தாள். உள்ளூர்க்காரி, எனக்கு ஆறு மாதம் சீனியர். "ஏனுங்க அம்மணி, இந்தப் பேர்ல ஏற்கெனவே ஒரு புள்ள இருக்குதுங்க. நீங்க துடியலூர் அம்மணியா இருந்துக்குங்க" என்றார் சூப்பர்வைசர். பெண் யாராக இருந்தாலும் 'அம்மணி' என்பார்கள்; எங்கள் பக்கத்து மரியாதை அப்படி. பெயரைப் பிடுங்கும்போதும் 'ங்க' போட்டுத்தான் பிடுங்குவார்கள். அப்பா ஆசையாக வைத்த பெயர், ஆறு மாத வித்தியாசத்தில் பறிபோனது.

அவள்மீது எனக்கு வந்த பொறாமை கொஞ்சநஞ்சமல்ல. அழகிலோ வேலையிலோ அவள் என்னைவிட ஒன்றும் உசத்தி இல்லை. ஆனால் மெஷின் இரைச்சலுக்கு நடுவே யாராவது அந்தப் பெயரைக் கூப்பிட்டால் என் தலை தானாகத் திரும்பும்; அவளோ "வாரேனுங்க" என்று எழுந்து போவாள். ஒருமுறை டெஸ்டிங் பயிற்சிக்கு ஆள் எடுத்தபோது மேனேஜர் அந்தப் பெயரைப் படித்தார். நான் முன்னால் போய் நின்றுவிட்டேன். "நீங்க இல்லீங்க, துடியலூர்" என்றதும் பிரிவே சிரித்தது. அவள் மட்டும் சிரிக்கவில்லை. அதுவும் எனக்கு ஆத்திரமாகத்தான் இருந்தது.

இத்தனைக்கும் அந்தக் கம்பெனியில் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவள் அவள் ஒருத்திதான். சாப்பாட்டு மணி அடித்ததும் அந்தப் பெயரைச் சொல்லி, "வா புள்ள, சாப்பிடலாம்" என்பாள். கேலி செய்கிறாள் என்று நினைத்து, காது கேளாதவள்போல் இருந்துவிடுவேன். கல்யாணமாகிச் சத்தியமங்கலத்துக்கு அவள் கிளம்பியபோது மனசுக்குள் குதித்தேன். மறுநாள் காலை என் பெயருக்காகக் காத்திருந்தேன். "துடியலூர், இந்தக் காயிலப் பாருங்க" என்றார் சூப்பர்வைசர். ஓய்வு பெறும்வரை அதுதான்.

சில வருடங்களுக்கு முன் ஒரு கல்யாணத்தில் பார்த்தபோது என் போன் நம்பரைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். நான் ஒருமுறைகூட அவளுக்குப் பேசவில்லை. போன மாதம் அவள் மகன் கூப்பிட்டான். "அம்மா தவறிப்போயிட்டாங்க. அவங்க போன்ல அவங்க பேர்லயே ஒரு நம்பர் இருந்துச்சுங்க. நீங்க யாருங்க?"

பஸ் பிடித்துப் போனேன். வீட்டு வாசலில் கட்டியிருந்த கண்ணீர் அஞ்சலி பேனரில் என் பெயர் கொட்டை எழுத்தில் இருந்தது. பொய் சொல்லக் கூடாது, 'இதுலயும் முந்திக்கிட்டாளே' என்றுதான் முதலில் தோன்றியது. பிறகுதான் அழுகை வந்தது. வீட்டில் நான் அம்மா, அத்தை, மற்றவர்களுக்குத் துடியலூர். அந்தப் பெயரைச் சொல்லி என்னைச் சாப்பிடக் கூப்பிட இனி ஆளில்லை.

நேற்று அந்தக் குடத்தைத் தூக்கிக்கொண்டு பாத்திரக்கடைக்குப் போனேன். பெயர் வெட்டுகிறவர் குடத்தை மடியில் சாய்த்து, "பேர் சொல்லுங்க அம்மணி" என்றார். சொன்னேன்.

"இனிஷியலுங்க?"

"வேண்டாங்க. போட்டா ஒருத்திக்குத்தான் ஆகும்."